ஒரே வீடு, வேறு வேறு தாள்: தனியே தங்கப்போகும் இளையோருக்குக் குமரி மாவட்டத்தில் என்ன உரிமை?

நாகர்கோவிலில் கோணம், ஆசாரிப்பள்ளம் பக்கத்துத் தெருக்களில் இப்படி ஒரு வீடு கண்ணில் பட்டுக்கொண்டே இருக்கும். கீழே ஒரு போர்ஷனில் நர்சிங் படிக்கிற மூன்று பெண்கள் சேர்ந்து வாடகைக்கு இருப்பார்கள். மாடியில் ஆறு கட்டில் போட்டு, வாசலில் ‘லேடீஸ் ஹாஸ்டல்’ என்று ஒரு பலகை தொங்கும். இரண்டு இடத்துப் பிள்ளைகளுக்கும் ஒரே வயது. மாதம் கையைவிட்டுப் போகிற தொகையும் ஏறக்குறைய ஒன்றுதான். வீட்டுக்காரர் ஒருநாள் கோபத்தில் தண்ணீர் மோட்டாரை நிறுத்திவிட்டார் என்று வையுங்கள். கீழே இருப்பவர் வாடகை அதிகாரியிடம் மனு கொடுத்து இடைக்கால உத்தரவு கேட்கலாம். மாடியில் இருப்பவருக்கு அந்தக் கதவே கிடையாது. அவர் நுகர்வோர் ஆணையத்துக்கோ ஆட்சியர் அலுவலகத்துக்கோ போக வேண்டும். எந்தத் தாளின்மேல் தங்கியிருக்கிறோம் என்பதைப் பொறுத்து உரிமையும் மாறுகிறது. சாமான் இறக்கி வைத்து, பால் காய்ச்சி முடித்த பிறகுதான் பலருக்கும் இது தெரியவருகிறது.

வாடகைக்கு இருப்பவர்

வாடகைக்கான சட்டம் 2017-இல் இயற்றப்பட்டு, 2019 பிப்ரவரி 22 முதல் நடப்பில் இருக்கிறது. தமிழ்நாடு சொத்து உரிமையாளர்கள், வாடகைதாரர்களின் உரிமைகள், பொறுப்புகள் பற்றிய சட்டம் அது. பழைய 1960-ஆம் ஆண்டு வாடகைக் கட்டுப்பாட்டுச் சட்டம் அதோடு போயிற்று. புதுச் சட்டம் நகர்ப்புறங்களுக்கானது; மாநகராட்சி, நகராட்சிகளோடு பேரூராட்சிகளும் அதில் வரும். குமரிக்கு இது முக்கியம். 2011 கணக்கெடுப்பின்படி இந்த மாவட்டத்தில் நூற்றுக்கு 82 பேர் நகர்ப்புற எல்லைக்குள் இருப்பவர்கள். ரப்பர் தோட்டம் சூழ்ந்த, பார்த்தால் தனிக் கிராமம் போலத் தெரிகிற இடம்கூட இங்கே பேரூராட்சியாக இருக்கும். அடுத்த வளைவில் ஊராட்சி தொடங்கிவிடும். அங்கே இந்தச் சட்டம் இல்லை. பழைய சொத்து மாற்றச் சட்டம்தான். அதன்படி, எழுத்தில் வேறு ஏற்பாடு இல்லாத மாத வாடகையை 15 நாள் அறிவிப்பில் முடித்துவிடலாம். ஆகவே வீடு பார்க்கப் போகும்போது வீட்டு வரி ரசீதை ஒருமுறை கேட்டுப் பாருங்கள். அதில் அச்சிட்டிருப்பது பேரூராட்சியா, ஊராட்சியா என்பதிலேயே பாதி விடை இருக்கிறது.

நகர்ப்புறச் சட்டப்படி எழுத்து ஒப்பந்தம் கட்டாயம். எழுதி 90 நாளுக்குள் வாடகை அதிகாரியிடம் பதிய வேண்டும். துணை ஆட்சியர் நிலைக்குக் குறையாத ஒருவர்தான் இந்த அதிகாரி. பதிவு இதற்கென்று அரசு வைத்திருக்கும் இணையதளத்தில் நடக்கும். முடிந்ததும் ஒரு பதிவு எண் வரும். ‘ஒப்பந்தம் எதுக்கு மக்களே, நாம நம்பிக்கையில இருக்கலாம்’ என்று வீட்டுக்காரர் அன்பாகச் சொல்வார். அந்த அன்புக்குள் ஒரு பள்ளம் இருக்கிறது. எழுத்து ஒப்பந்தம் இல்லை என்பதையே காரணமாகக் காட்டி வாடகைதாரரைக் காலிசெய்யக் கேட்க இந்தச் சட்டம் இடம் தருகிறது. தாள் இல்லாவிட்டால் நட்டம் பெரும்பாலும் இருப்பவருக்குத்தான். பதியாத தாளைச் சான்றாக எடுத்துக்கொள்ளவும் சட்டம் தடை வைத்திருக்கிறது.

பதினோரு மாதக் கணக்கைப் பற்றியும் ஒரு வார்த்தை. ஓராண்டுக்கு மேற்பட்ட குத்தகையைச் சார்பதிவாளர் அலுவலகத்தில் பதிந்தாக வேண்டும் என்று பதிவுச் சட்டம் சொல்வதால் வந்த வழக்கம் அது. பதினோரு மாதம் என்று எழுதிவிட்டால் வாடகை அதிகாரியிடமும் பதிய வேண்டாம் என்று புரோக்கர்கள் சொல்வது தவறு. இரண்டும் வேறு வேறு பதிவு.

மூன்று பேர் சேர்ந்து எடுத்தால் மூன்று பெயரும் ஒப்பந்தத்தில் இருக்கட்டும். இங்கே அடிக்கடி நடப்பது என்னவென்றால், ஒருத்தி பெயரில் மட்டும் எழுதுவார்கள், அட்வான்ஸில் மூன்று பேரும் பங்கு போடுவார்கள். பெயர் உள்ளவள் வேலை கிடைத்து நடுவிலேயே போய்விடுவாள். மற்ற இரண்டு பேரும் சட்டத்தின் கண்ணில் யாரோ வழிப்போக்கர்கள். புதிதாக ஒருத்தியைச் சேர்ப்பதற்கும் வீட்டுக்காரரின் எழுத்துச் சம்மதம் வேண்டும். இல்லையென்றால் அது உள்வாடகை ஆகிவிடும், காலிசெய்யச் சொல்ல அதுவும் ஒரு காரணம்.

அட்வான்ஸ் மூன்று மாத வாடகைக்கு மேல் போகக்கூடாது என்பது பொது விதி. வாடகை 6,000 என்றால் 18,000. ஆனால் ‘வேறு ஒப்பந்தம் இல்லாதவரை’ என்ற ஒட்டும் அதோடு இருக்கிறது. அதாவது ஆறு மாத அட்வான்ஸ் என்று எழுதிய தாளில் நீங்களே கையெழுத்துப் போட்டுவிட்டால் பிறகு சட்டத்தைக் காட்டி வாதாட முடியாது. கையெழுத்துக்கு முன்னால் பேச வேண்டிய விஷயம் அது. வீட்டைக் காலிசெய்த ஒரு மாதத்துக்குள், நியாயமான பிடித்தம் போக மிச்சத்தைத் திருப்பித் தர வேண்டும்.

நியாயமான பிடித்தம் எது? சண்டை முளைப்பது இங்கேதான். சட்டத்தின் இரண்டாம் அட்டவணை வேலைகளைப் பிரித்தே வைத்திருக்கிறது. கட்டடப் பழுது, சுவருக்கு வெள்ளையடிப்பு, கதவு சன்னல் பெயிண்ட், குழாய் மாற்றுவது, மின் வயரிங் எல்லாம் வீட்டுக்காரர் பொறுப்பு. டேப் வாஷர், சுவிட்ச், சாக்கெட், பூட்டு, சன்னல் கண்ணாடி, அடைத்த ஓடையைச் சுத்தம் செய்வது ஆகியவை இருப்பவர் பொறுப்பு. ‘பெயிண்ட் காசு’ என்று ஒரு மாத வாடகையைப் பிடித்துக்கொள்வது ஊர் வழக்கமாக இருக்கலாம். ஒப்பந்தத்தில் அப்படி எழுதாதவரை சட்டம் அதை வாடகைதாரர் தலையில் கட்டவில்லை.

குமரியில் வீடு பார்ப்பவர்கள் மழையை மறந்துவிடக் கூடாது. ஜூனில் தென்மேற்குப் பருவம், அக்டோபரில் வடகிழக்கு என்று இரண்டும் இங்கே நின்று பெய்யும். பெரும்பாலோர் கல்லூரி தொடங்கும் முன் ஏப்ரல், மே வெயிலில் வீடு பார்ப்பதால் எல்லாச் சுவரும் நல்ல சுவராகவே தெரியும். தரையிலிருந்து ஓரடி உயரத்தைக் குனிந்து பாருங்கள். பெயிண்ட் கொப்புளித்திருக்கிறதா, நகத்தால் சுரண்டினால் வெள்ளைப் பொடி உதிர்கிறதா? அப்படியென்றால் ஈரம் ஏறுகிற சுவர். கட்டிலையோ புத்தக அலமாரியையோ ஒட்டிப்போட்டால் ஆடி மாதத்துக்குள் பின்பக்கம் கருப்புப் பூஞ்சை படர்ந்திருக்கும். போகும்போது ‘சுவரைக் கெடுத்துவிட்டீர்கள்’ என்று அட்வான்ஸில் கை வைப்பார்கள். குடிபோகும் அன்றே, சாமான் இறக்குவதற்கு முன்னால், ஒவ்வொரு அறையின் நான்கு மூலையையும் மின் மீட்டர் எண்ணையும் படமெடுத்து வீட்டுக்காரருக்கு வாட்ஸ்அப்பில் அனுப்பிவிட்டால் போதும். யாரும் மறுக்க முடியாத தேதி அதில் விழுந்துவிடும். கடற்கரையை ஒட்டிய ஊர்கள் என்றால் கிணற்றுத் தண்ணீரைக் குடித்தும் பாருங்கள்.

வாடகையை வங்கி வழியாகவே கொடுங்கள். குறிப்பில் ‘ஜூலை வாடகை’ என்று எழுதுங்கள். கையில் பணமாகக் கேட்டால் ரசீது வேண்டும். இரண்டு மாத வாடகை நிலுவையானால் காலிசெய்யக் கேட்க வீட்டுக்காரருக்குக் காரணம் கிடைத்துவிடும் என்பதால், கொடுத்ததற்குச் சான்று இல்லாதது கொடுக்காததற்குச் சமம். ஆனால் எந்தக் காரணமாக இருந்தாலும் வாடகை நீதிமன்ற உத்தரவு இல்லாமல் வெளியேற்ற முடியாது. பூட்டு மாற்றுவது, மின்சாரத்தையோ தண்ணீரையோ நிறுத்துவது இரண்டும் தடைசெய்யப்பட்டவை. வீட்டைப் பார்க்க வீட்டுக்காரர் உள்ளே வருவதற்கும் 24 மணி நேரம் முன்னால் எழுத்தில் சொல்ல வேண்டும். வருவது காலை 7 முதல் இரவு 8-க்குள். தனியாக இருக்கும் பெண்கள் இந்த ஒரு வரியையாவது தெரிந்து வைத்திருப்பது நல்லது.

‘பேச்சிலருக்கு வீடு இல்லை’ என்ற பதிலுக்கு மட்டும் சட்டத்தில் மருந்து இல்லை. மணமாகாதவர் என்பதற்காகவோ, சாப்பாட்டுப் பழக்கத்துக்காகவோ தனியார் ஒருவர் தன் வீட்டைத் தர மறுப்பதைத் தடுக்கும் தனிச் சட்டம் தமிழ்நாட்டில் கிடையாது. பேச்சு ‘என்ன ஆளுகள்?’ என்று தொடங்கி சாதிக்கும், எந்தக் கிறிஸ்தவச் சபை என்பதற்கும் போய் முடிவதும் இங்கே எல்லோருக்கும் தெரிந்த கதைதான்.

ஒத்தி

தென்மாவட்டங்களில் ஒத்தி இன்னும் உயிரோடு இருக்கிறது. மொத்தமாக மூன்று லட்சமோ நான்கு லட்சமோ கொடுத்துவிட்டு வாடகையில்லாமல் இருந்து, தவணை முடிந்ததும் பணத்தைத் திரும்ப வாங்கிக்கொண்டு வெளியேறுவது. வேலைக்குச் சேர்ந்த பிள்ளைக்கு நகையை அடகு வைத்து வீட்டார் பிடித்துத் தருவது பெரும்பாலும் இந்த ஏற்பாடுதான். கணக்கு இனிப்பாக இருக்கும். ஆபத்தெல்லாம் திரும்ப வாங்கும் நாளில் இருக்கிறது.

ஒத்தி என்பது வாடகை அல்ல, சுவாதீன அடமானம்; அதாவது வாங்கிய பணத்துக்கு ஈடாக வீட்டையே கையில் ஒப்படைப்பது. 100 ரூபாயோ அதற்கு மேலோ உள்ள அடமானம் பதிவு செய்யப்பட வேண்டும் என்கிறது சொத்து மாற்றச் சட்டம். முத்திரைத்தாளில் எழுதி, இரண்டு சாட்சி போட்டு, பெட்டியில் வைத்திருக்கும் ஒத்திச் சீட்டு வீட்டின்மேல் எந்தப் பிடியையும் தராது. கொடுத்த கடனுக்கு ஒரு சான்றாக மட்டும் உதவும். வீட்டுக்காரர் வீட்டை விற்றுவிட்டாலோ, வங்கி ஏலத்துக்கு வந்தாலோ பணத்துக்கு வரிசையில் கடைசியில் நிற்க வேண்டியதுதான். பணம் கொடுக்கும் முன் வில்லங்கச் சான்று போட்டுப் பாருங்கள். பதிவான அடமானம் அதில் தெரியும். வேறொருவருக்குப் பதியாமல் கொடுத்த ஒத்தி தெரியாது. ஆகவே இப்போது குடியிருப்பவரிடம் ‘அண்ணாச்சி, நீங்க வாடகையா ஒத்தியா, உங்க பணம் தந்தாச்சா?’ என்று நேரில் கேட்பதற்கு எந்தச் சான்றும் ஈடாகாது. உங்கள் ஒத்திப் பணத்தை வாங்கித்தான் அவருடைய பணத்தைத் தரப்போகிறார் என்று தெரிந்தால், இரண்டு வருடம் கழித்து உங்கள் பணமும் இன்னொருவர் வருவதற்காகக் காத்திருக்கும் என்று எடுத்துக்கொள்ளலாம். பதிவுச் செலவுக்குப் பயந்து பதியாமல் விடுவதாக இருந்தால், ஒத்தியை விட மாத வாடகையே மேல்.

விடுதி

லாட்ஜ், தங்கும் விடுதி போன்றவற்றை வாடகைச் சட்டம் தன் எல்லைக்கு வெளியே நிறுத்தியிருக்கிறது. தனியார் விடுதியில் நீங்கள் வாங்குவது கட்டிலும் சோறும் சேர்ந்த ஒரு சேவை. கட்டணம் கட்டிய நுகர்வோர் என்ற முறையில்தான் உங்களுக்கு உரிமை. அட்வான்ஸைத் தராமல் இழுத்தால் மாவட்ட நுகர்வோர் ஆணையத்தில் மனுப் போடலாம். 5 லட்சம் வரையிலான வழக்குக்குக் கட்டணம் இல்லை. அதற்கு முன் 1915 என்ற தேசிய நுகர்வோர் உதவி எண்ணில் புகார் பதிந்தால் பாதி விடுதிகள் வழிக்கு வந்துவிடும். சேரும்போது கேட்டு எழுதி வாங்க வேண்டியவை இவ்வளவுதான்: எத்தனை நாள் முன்னால் சொல்லிவிட்டுக் காலிசெய்ய வேண்டும், விடுமுறை மாதத்துக்கு மெஸ் கட்டணம் உண்டா, அட்வான்ஸில் எவ்வளவு திரும்பும். மாதம் 20,000 ரூபாய்க்குள், தொடர்ந்து 90 நாளாவது தங்குபவருக்கு 2024 ஜூலை முதல் ஜிஎஸ்டி விலக்கு இருக்கிறது. ரசீதில் அந்த வரி ஏறியிருந்தால் கேள்வி கேளுங்கள்.

பெண்கள் விடுதிக்கு இன்னொரு சட்டம் உண்டு. பெண்கள், குழந்தைகள் தங்கும் விடுதிகளும் இல்லங்களும் 2014-ஆம் ஆண்டின் தமிழ்நாட்டுச் சட்டப்படி மாவட்ட ஆட்சியரிடம் பதிந்து உரிமம் பெற வேண்டும். பலகை மட்டும் மாட்டிய வீடு விடுதி ஆகாது. ‘உரிமத்தைக் காட்டுங்க அக்கா’ என்று கேட்டால் எரிச்சல்படுகிற இடத்தில் மற்ற விஷயங்களும் அப்படித்தான் இருக்கும். புகார் சொல்ல வேண்டிய இடம் ஆட்சியர் அலுவலகத்தில் உள்ள மாவட்ட சமூக நல அலுவலகம்.

அரசு விடுதிகளைப் பலர் நினைத்தே பார்ப்பதில்லை. ஆதிதிராவிடர், பிற்படுத்தப்பட்டோர், மிகப் பிற்படுத்தப்பட்டோர் நலத்துறை விடுதிகளுக்கு 2025-இல் சமூகநீதி விடுதிகள் என்று பெயர் மாற்றினார்கள். தங்குமிடமும் சாப்பாடும் இலவசம். பிற்படுத்தப்பட்டோர் விடுதிகளில் மாணவருக்கு வீட்டுக்கும் கல்லூரிக்கும் குறைந்தது 8 கிலோமீட்டர் தொலைவு இருக்க வேண்டும் என்பது விதி. மாணவிகளுக்கு அந்தத் தூரக் கணக்கு இல்லை. வருமானச் சான்று, சாதிச் சான்று இரண்டையும் கல்லூரி திறக்கும் முன்பே இ-சேவை மையத்தில் வாங்கி வைக்காததால்தான் பலருக்கு இடம் கைவிட்டுப் போகிறது. வேலைக்குப் போகும் பெண்களுக்கு அரசின் ‘தோழி’ விடுதிகள் தாம்பரம், கூடுவாஞ்சேரி, திருச்சி, ஓசூர் போன்ற ஊர்களில் இருக்கின்றன. சென்னைப் பக்கம் வேலை கிடைத்துப் போகும் குமரிப் பெண்ணுக்கு முதல் முகவரியாக அவை உதவும்.

திருவனந்தபுரம் கழக்கூட்டத்தில் ஐடி வேலைக்கோ பெங்களூரில் நர்சிங்குக்கோ போகிறவர்கள் ஒன்றை நினைவில் வைக்க வேண்டும். எல்லையில் உள்ள களியக்காவிளையைத் தாண்டினால் மேலே சொன்ன மூன்று மாத வரம்பும் அட்டவணையும் கூட வராது. கேரளத்தில் 1965-ஆம் ஆண்டு வாடகைச் சட்டம்தான் இன்னும் இருக்கிறது. பெங்களூரில் அட்வான்ஸ் கேட்கிற அளவைப் பார்த்துச் சண்டை போட்டுப் பயனில்லை. திரும்பத் தரும் தேதியை எழுத்தில் வாங்குவதே வழி.

கையில் இருக்க வேண்டிய காகிதம்

வீட்டோடு மனத்தாங்கலோடு கிளம்புகிறவர்களுக்கு வீடு கிடைப்பதற்கு முன் வருகிற தடை ஆதார். எண் இருக்கும், அட்டை இருக்கும், ஆனால் இணைத்திருக்கும் கைபேசி எண் அப்பாவுடையதாக இருக்கும். வங்கிக் கணக்கு, உதவித்தொகை, டிஜிலாக்கர் என்று எதைத் தொட்டாலும் ஓடிபி அப்பாவின் போனில் மணியடிக்கும். ஆதார் மையத்துக்கு நேரில் போய்க் கைரேகை வைத்தால் எண்ணை மாற்றிக்கொள்ளலாம். ஆவணம் எதுவும் வேண்டாம், சிறு கட்டணம்தான். முதலில் இதைச் செய்துவிட்டால் மற்ற எல்லாம் பின்னால் வரும். அசல் மதிப்பெண் பட்டியலை வீட்டில் பூட்டி வைத்துக்கொண்டாலும் படிப்பு நின்றுபோகாது. அரசுத் தேர்வுத் துறையில் இரண்டாம்படி கேட்கலாம். சாதிச் சான்றைப் புதிதாகவே எடுத்துவிடலாம். புதுமைப் பெண், தமிழ்ப் புதல்வன் திட்டங்களில் வரும் மாதம் 1,000 ரூபாய் யாருடைய பொறுப்பில் உள்ள கணக்குக்குப் போகிறது என்பதையும் பாருங்கள். பள்ளிக்கூடக் காலத்தில் அம்மாவோடு சேர்த்துத் திறந்த கணக்காக இருந்தால் தனிக்கணக்காக மாற்ற வேண்டும்.

வீட்டுக்காரருக்கு ஆதார் நகல் கொடுக்கும்போது, முதல் எட்டு எண்களை மறைத்த பிரதியைக் கொடுத்து, குறுக்கே ‘வீட்டு வாடகைக்கு மட்டும்’ என்று தேதியோடு எழுதிவிடுங்கள்.

பிறந்த வீட்டில் உரிமை

‘என் அப்பா வீடு, என்னை யார் இறங்கச் சொல்வது?’ என்ற கேள்விக்குச் சட்டத்தின் பதில் பலருக்குப் பிடிக்காது. அப்பா தானே சம்பாதித்துக் கட்டிய வீட்டில், 18 வயது கடந்த மகனுக்கு அவர் உயிரோடு இருக்கும்வரை உரிமை ஏதும் இல்லை. அவர் விருப்பத்தில்தான் இருக்கலாம் என்று டெல்லி உயர்நீதிமன்றம் 2016-இல் வெளிப்படையாகவே சொன்னது. மகளுக்கு நிலை வேறு. 2005-ஆம் ஆண்டு குடும்ப வன்முறைச் சட்டத்தின் 17-ஆம் பிரிவு, சொத்தில் பங்கு இருக்கிறதோ இல்லையோ, சேர்ந்து வாழும் வீட்டில் குடியிருக்கும் உரிமையைப் பெண்ணுக்குத் தருகிறது. மனைவிக்கு மட்டுமல்ல, மகளுக்கும் சகோதரிக்கும் அது உண்டு. அடித்து வெளியே தள்ளினால் பாதுகாப்பு அலுவலர் வழியாக நீதித்துறை நடுவரிடம் குடியிருப்பு உத்தரவு கேட்கலாம்.

பூர்வீகச் சொத்து தனிக் கணக்கு. இந்துக் குடும்பத்துக் கூட்டுச் சொத்தில் மகளுக்கும் பிறப்பாலேயே பங்கு என்பதை 2005 திருத்தமும் 2020-இல் உச்ச நீதிமன்றத் தீர்ப்பும் உறுதி செய்துவிட்டன. குமரி கிறிஸ்தவக் குடும்பங்களில் பழைய திருவிதாங்கூர் நிழல் இன்னும் நீங்கவில்லை. 1956 வரை இந்த மண் திருவிதாங்கூர்-கொச்சியில் இருந்தது. 1916-ஆம் ஆண்டின் திருவிதாங்கூர் கிறிஸ்தவ வாரிசுச் சட்டப்படி மகளுக்குக் கிடைத்தது மகன் பங்கில் கால் பகுதி அல்லது 5,000 ரூபாய், இரண்டில் எது குறைவோ அது. மேரி ராய் வழக்கில் 1986-இல் உச்ச நீதிமன்றம் அந்தச் சட்டம் 1951-லேயே செத்துப்போனது என்றது. உயில் இல்லாமல் தந்தை இறந்தால் மகனுக்கும் மகளுக்கும் சமபங்கு. இன்றும் ‘உனக்குத்தான் ஸ்திரீதனம் தந்தாச்சே’ என்று சொல்லி பங்கை விட்டுக்கொடுக்கும் விடுதலைப் பத்திரத்தில் கையெழுத்து வாங்குவது நடக்கிறது. தனியே தங்கப் பணம் தருகிறோம் என்று சொல்லி நீட்டுகிற தாளில் என்ன எழுதியிருக்கிறது என்று படித்துவிட்டுத்தான் பேனாவைத் தொட வேண்டும்.

வயது வந்தவர் வீட்டைவிட்டுப் போனதும் ‘காணவில்லை’ என்று காவல்நிலையத்தில் வழக்குப் பதிவாகும். வயது வந்த பெண் எங்கே, யாரோடு இருப்பது என்பது அவள் முடிவு என்று உச்ச நீதிமன்றத்தின் 2018 ஹாதியா தீர்ப்பு சொல்லிவிட்டது. ஆனாலும் தேடி வருவார்கள். அதற்கு முந்திக்கொண்டு, சொந்த விருப்பத்தில் வெளியேறியதாக ஒரு கடிதத்தை வயதுச் சான்று நகலோடு உள்ளூர் நிலையத்துக்கும் மாவட்டக் காவல் கண்காணிப்பாளருக்கும் ஒப்புகையோடு விரைவுத் தபாலில் (ஸ்பீட் போஸ்ட்) அனுப்பிவிடுவது நல்லது. ஆளைக் கொண்டுவந்து நிறுத்தச் சொல்லி உயர்நீதிமன்ற மதுரைக் கிளையில் ஆட்கொணர்வு மனுப் போட்டாலும் அந்தக் கடிதம் பேசும். ஒரு பாலின ஈர்ப்பு உள்ளவர்கள், திருநர்கள் குறித்து வரும் இத்தகைய புகாரில், வயது வந்தவர்கள் சம்மதத்தோடுதான் சேர்ந்திருக்கிறார்கள் என்று தெரிந்தால் வாக்குமூலம் வாங்கிக்கொண்டு, தொல்லை தராமல் முடிக்க வேண்டும் என்று 2021-இல் சென்னை உயர்நீதிமன்றம் காவல்துறைக்கு வழிகாட்டியிருக்கிறது. சாதி மாறி மணந்து மிரட்டலுக்கு உள்ளானவர்களுக்கு மாவட்டந்தோறும் பாதுகாப்பு இல்லம் அமைப்பதைப் பற்றி 2018-இல் உச்ச நீதிமன்றம் சொன்னது. ஒரு மாதம், தேவைப்பட்டால் மாதம் மாதமாக ஓராண்டு வரை நீட்டிக்கலாம். வாயால் கேட்டால் காதில் விழாது. எழுத்தில் கேட்க வேண்டும்.

அன்றிரவே இடம் வேண்டும் என்றால் பெண்களுக்கு 181 என்ற உதவி எண். ஒருங்கிணைந்த சேவை மையத்தில் ஐந்து நாள் வரை தங்கலாம். அதற்கு மேல் வேறு இல்லத்துக்கு அனுப்புவார்கள். 18 வயதுக்குக் கீழே என்றால் 1098. வழக்கறிஞருக்குப் பணம் இல்லை என்பவர்கள் 15100-ஐக் கூப்பிடலாம். பெண்களுக்கும், பட்டியல் சாதி, பழங்குடியினருக்கும் வருமானம் பார்க்காமலேயே இலவச சட்ட உதவி உண்டு.

இல்லத்திலிருந்து வெளியேறுபவர்

இவர்களைத்தான் யாரும் எண்ணிப் பார்ப்பதில்லை. தேவாலய அமைப்புகளும் அறக்கட்டளைகளும் நடத்தும் குழந்தைகள் இல்லங்களில் வளர்ந்த பிள்ளைக்கு 18 முடிகிற நாள் பிறந்தநாள் மட்டுமல்ல, கட்டில் காலியாகிற நாளும்கூட. மற்ற பிள்ளைகளுக்கு சனிக்கிழமை திரும்பிப் போக ஒரு வீடு இருக்கும். இவர்களுக்கு அட்வான்ஸுக்குக் கையெழுத்துப் போடவோ, ஒப்பந்தத்தில் நிலையான முகவரி என்று எழுதவோ ஆளும் இல்லை, இடமும் இல்லை.

2015-ஆம் ஆண்டு இளைஞர் நீதிச் சட்டத்தின் 46-ஆம் பிரிவு, வெளியேறும் பிள்ளைக்கு நிதியுதவி ‘வழங்கலாம்’ என்கிறது. ‘வழங்க வேண்டும்’ என்று எழுதியிருந்தால் கதை வேறு. பின்பராமரிப்பு, அதாவது வெளியேறிய பிறகும் தொடரும் உதவி, 21 வயது வரை; தனிக் காரணம் இருந்தால் இன்னும் இரண்டு ஆண்டு. ஆறு முதல் எட்டுப் பேர் சேர்ந்து தற்காலிகமாகத் தங்கும் குழு வீடு, தொழிற்பயிற்சி உதவித்தொகை, ஆலோசகர் என்று 2016 மாதிரி விதிகள் நல்லதையெல்லாம் எழுதி வைத்திருக்கின்றன. மத்திய அரசின் மிஷன் வாத்சல்யா திட்டத்தில் மாதம் 4,000 ரூபாய் வரை கிடைக்கும்.

தவறிப்போவது எங்கே? பெரும்பாலும் நேரத்தில். பள்ளி இறுதித் தேர்வு, பிறந்தநாள், கல்லூரி சேர்க்கை மூன்றும் இரண்டு மூன்று மாதத்துக்குள் அடுத்தடுத்து வரும். அந்த நெருக்கடியில் மனுவை யாரும் எடுப்பதில்லை. பிள்ளை வெளியேறிய பிறகு அது எங்கே இருக்கிறது என்று மாவட்டக் குழந்தைகள் பாதுகாப்பு அலகுக்கே தெரியாமல் போகும். 17 வயது நடக்கும்போதே குழந்தைகள் நலக் குழுவில் பின்பராமரிப்புக்கு மனுக் கொடுத்து, ஒப்புகை வாங்கி, நகலைப் பிள்ளையின் கையிலேயே தர வேண்டும். கூடவே பிள்ளையின் தனிப் பெயரில் வங்கிக் கணக்கு, பிள்ளையின் சொந்த எண் இணைத்த ஆதார், இல்லத்தில் தங்கிய காலத்துக்கான சான்று. இல்ல முகவரியைக் காட்டித்தான் ஆதார் எடுத்திருப்பார்கள். வெளியேறிய பிறகும் தபால் அங்கேதான் வரும் என்பதால், புது முகவரி கிடைக்கும்வரை கடிதத்தை வாங்கி வைக்க இல்லத்தில் ஒருவரைச் சொல்லி, அவருடைய பெயரையும் எண்ணையும் அந்த நகலின் பின்பக்கத்திலேயே எழுதித் தரலாம்.